காஞ்சிபுரமும் தமிழ்த் தொகுப்பறிவு நூல்களும்

தொகுப்பறிவு நூல் என்பது பல துறைச் செய்திகளைத் திரட்டி, தேடி வருபவர் எளிதில் எடுத்துக்கொள்ளும்படி ஏதேனும் ஒரு முறையில் அடுக்கித் தரும் நூல். நிகண்டு, அகராதி, அளவை நூல், அணி நூல், தலபுராணம், கலைக்களஞ்சியம் ஆகியவை தமிழில் இதன் வடிவங்கள். இவற்றுள் செய்திக்கு இணையான இடம் வரிசைக்கும் உண்டு. எதை முதலில் வைப்பது, எதன்கீழ் எதைச் சேர்ப்பது என்று முடிவு செய்யும்போதே அந்த நூலின் உலகப் பார்வை வெளிப்பட்டுவிடும். இந்த அடுக்கும் கலைக்குத் தமிழகத்தில் நீண்ட சான்று உள்ள ஊர் காஞ்சிபுரம். கோயிலுக்கும் பட்டுக்கும் பேர்போன இந்நகரம் பல்லவர் காலத்தில் கல்விக்கும் அதே அளவு பேர்பெற்றிருந்தது.

கடிகை

காஞ்சியின் உயர்கல்விக் கழகம் கடிகை எனப்பட்டது. கர்நாடகத்தின் தாளகுந்தாவில் உள்ள கல்வெட்டு, கதம்ப அரசை நிறுவிய மயூரசர்மன் தன் ஆசிரியரோடு காஞ்சிக் கடிகைக்குப் படிக்க வந்ததையும், அங்கே பல்லவக் குதிரைவீரரோடு மூண்ட பூசலால் படிப்பை விட்டு வாளேந்தியதையும் கூறுகிறது. 8ஆம் நூற்றாண்டில் சாளுக்கிய மன்னன் இரண்டாம் விக்கிரமாதித்தன் காஞ்சியைக் கைப்பற்றியபோது கைலாசநாதர் கோயிலின் செல்வத்தை எடுத்துச் செல்லாமல் கோயிலுக்கே விட்டுக்கொடுத்தான். அதைக் குறிக்கும் கன்னடக் கல்வெட்டு அக்கோயில் தூணில் இன்றும் இருக்கிறது. அந்த எழுத்துகளை அழிப்பவர், கடிகையின் பெருமக்களைக் கொன்றவர் சேரும் உலகத்துக்கே போவார் என்று அது முடிகிறது. வென்று வந்த அயல்நாட்டு அரசனும் பெரும்பாவத்துக்கு எடுத்துக்காட்டாகக் கல்விமான்களின் கொலையைச் சொன்னான் என்பது அந்நகரத்தின் கல்விக்கு இருந்த மதிப்பைக் காட்டப் போதும்.

மணிமேகலையின் கடைசிக் காதைகள்

சாத்தனாரின் மணிமேகலை ஒரு பௌத்தக் காப்பியம்தான். ஆனால் அதன் இறுதிப் பகுதி ஓர் அறிவுத் தொகுப்பாகவே மாறிவிடுகிறது. 27ஆம் காதையில் மணிமேகலை வஞ்சி நகரில் அளவைவாதி தொடங்கிப் பூதவாதி வரையிலான சமயக் கணக்கர்களிடம் சென்று அவரவர் கொள்கையைக் கேட்கிறாள். சைவம், வைணவம், ஆசீவகம், சமணம், சாங்கியம், வைசேடிகம் என ஒவ்வொன்றும் தன் வாயாலேயே தன்னைச் சொல்கிறது. பின்னர் அவள் பஞ்சத்தில் வாடும் காஞ்சிக்கு வந்து, அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபிப் பாத்திரத்தால் ஊரின் பசி தீர்க்கிறாள். அதன் பிறகே, 29ஆம் காதையில், பௌத்தத் துறவியான அறவண அடிகள் அவளுக்கு அளவை நூல் கற்பிக்கிறார். சோற்றுக்கு அடுத்ததாகத் தருக்கத்தை வைத்த இந்தக் கதையமைப்பு எனக்கு மிகவும் பிடித்தமானது.

அடிகளின் பாடம் வியப்பான ஒழுங்குடையது. மெய்யறிவுக்கு வழி இரண்டே: காட்சியும் கருத்தளவும். வாதத்தில் நேரும் பிழைகளை மேற்கோளில் நேர்வன 9, ஏதுவில் நேர்வன 14, எடுத்துக்காட்டில் நேர்வன 10 என்று எண்ணி வகுத்து, ஒவ்வொன்றுக்கும் பெயரிட்டுச் சான்றும் தருகிறார். ஒலி காதுக்குப் புலப்படாதது என்று வாதிட்டால் அது கண்கூடான அனுபவத்தோடு மோதும் பிழை. என்னைப் பெற்றவள் மலடி என்று ஒருவன் சொன்னால் அது தன் சொல்லையே தான் மறுக்கும் பிழை. வடமொழியில் நியாயப்பிரவேசம் என்னும் நூலின் வரிசை இதனோடு பெரிதும் ஒத்துப்போவதை அறிஞர்கள் கண்டுகாட்டி, எது முந்தியது என்றும் விவாதித்திருக்கிறார்கள். 1898இல் உ.வே. சாமிநாதையர் மணிமேகலையைப் பதிப்பித்தபோது பௌத்தம் தமிழ்நாட்டில் வாழும் சமயமாக இல்லை; இக்காதைகளுக்குப் பொருள் காண அவர் தனியே பௌத்த நூல்களைத் தேடிக் கற்க வேண்டியிருந்தது. கதை படிக்க வந்தவர்கள் இன்றும் இக்காதைகளைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். தெளிவாக வாதிட விரும்பும் மாணவர்களுக்கு இவற்றைத் தனிப்பாடமாகவே வைக்கலாம்.

காப்பியம் காட்டும் இந்தக் காஞ்சி வெறும் கற்பனையன்று. 7ஆம் நூற்றாண்டில் தென்னாடு வந்த சீனப் பயணி யுவான் சுவாங், காஞ்சியில் நூற்றுக்கு மேற்பட்ட பௌத்தப் பள்ளிகளும் 10,000 துறவியரும் இருந்ததாக எழுதினார். நாலந்தாவின் தலைமை ஆசிரியராக விளங்கிய தருமபாலர் காஞ்சியில் பிறந்தவர். அவருடைய மாணவர் சீலபத்திரரிடமே யுவான் சுவாங் பாடம் கேட்டார்.

தண்டி

இந்திய மொழிகள் பலவற்றில் செய்யுளின் அழகை வகைப்படுத்தக் கற்றுக்கொடுத்த நூல் காஞ்சியில் பிறந்தது. ஏறத்தாழ கி.பி. 700ஐ ஒட்டி வாழ்ந்த தண்டி வடமொழியில் எழுதிய காவியாதரிசம் அது. அவருடைய அவந்திசுந்தரி என்னும் உரைநடை நூலிலிருந்து, அவர் முன்னோர் பல்லவர் அவையைச் சேர்ந்தவர்கள் என்றும், இளமையில் பெற்றோரை இழந்த அவர் பகைவர் படையெடுப்பின்போது ஊரைவிட்டு அலைந்து பிறகு திரும்பினார் என்றும் அறிகிறோம்.

காவியாதரிசத்தின் வலிமை அதன் பாகுபாட்டில் இருக்கிறது. உவமையை மட்டும் எடுத்துக்கொண்டாலும் அதில் எத்தனை வகை உண்டோ அத்தனையையும் பிரித்துப் பெயரிட்டு, ஒவ்வொன்றுக்கும் ஒரு செய்யுளைக் காட்டிவிட்டே தண்டி நகர்வார். கற்பவர் கையில் அது ஒரு நூலாகவும் மாதிரிப் பெட்டகமாகவும் பயன்பட்டது. 9ஆம் நூற்றாண்டில் கன்னடத்தின் கவிராஜமார்க்கமும் சிங்களத்தின் சியபஸ்லகரவும் அதைத் தழுவி எழுந்தன. தமிழில் அது தண்டியலங்காரம் ஆயிற்று. பொதுவணியியல், பொருளணியியல், சொல்லணியியல் என்ற மூன்று பிரிவுகளோடும் 35 பொருளணிகளோடும் இன்றைய பள்ளிப் பாடநூல் வரை அது வந்துவிட்டது. 13ஆம் நூற்றாண்டில் திபெத்திய மொழிக்கும் சென்றது. காஞ்சியில் அடுக்கிய வரிசையை இமயத்துக்கு அப்பால் உள்ள மடங்களில் இளந்துறவியர் மனப்பாடம் செய்தார்கள்.

சுவரில் அடுக்கிய வரலாறு

கைலாசநாதர் கோயிலின் சுற்றுச் சிற்றாலயங்களில் பல்லவ மன்னன் இராசசிம்மன் தன் விருதுப்பெயர்களை 200க்கும் மேல் வரிசை வரிசையாக வெட்டுவித்தான். ஒரே பட்டியலை வெவ்வேறு எழுத்து வடிவங்களில் திரும்ப எழுதியிருப்பதால், பழைய எழுத்துமுறைகளைக் கற்பவருக்கு அது கல்லிலேயே அமைந்த ஒப்பீட்டுப் பாடம்.

பரமேச்சுர விண்ணகரம் எனப்படும் வைகுந்தப் பெருமாள் கோயிலில் இன்னும் அரிய தொகுப்பு உள்ளது. சுற்று மண்டபச் சுவர் நெடுகப் பல்லவர் வரலாறு புடைப்புச் சிற்பங்களாக ஓடுகிறது. புராண முன்னோரில் தொடங்கி, இரண்டாம் பரமேசுவரவர்மன் வாரிசின்றி இறந்தபின் 12 வயதுச் சிறுவனான நந்திவர்ம பல்லவமல்லனை நாட்டவர் தேர்ந்து அழைத்துவந்து முடிசூட்டியது வரை அதில் காணலாம். சில சிற்பங்களின் அருகே என்ன நடக்கிறது என்ற விளக்கமும் தமிழில் வெட்டப்பட்டுள்ளது. படமும் குறிப்புமாக வரலாறு சொல்லும் இன்றைய நூல்களின் முறை இங்கே 8ஆம் நூற்றாண்டிலேயே கைக்கொள்ளப்பட்டிருக்கிறது. மணற்கல் என்பதால் பல முகங்கள் தேய்ந்துவிட்டன.

இந்தச் சுவரைப் படித்து வரிசைப்படுத்தியவர் சி. மீனாட்சி. சென்னைப் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்ற முதல் பெண்மணி. பல்லவர் ஆட்சியும் சமூக வாழ்வும் பற்றிய அவருடைய ஆய்வு 1938இல் நூலாயிற்று. வைகுந்தப் பெருமாள் கோயிலின் வரலாற்றுச் சிற்பங்கள் பற்றிய அவர் நூலை இந்தியத் தொல்லியல் துறை 1941இல் வெளியிட்டது. அதைப் பார்க்க அவர் இல்லை. 35 வயது நிறையுமுன் 1940இல் காலமானார். இன்று அந்த மண்டபத்தில் நின்று எந்தச் சிற்பம் எந்த நிகழ்ச்சி என்று யாராவது சொல்ல முடிகிறதென்றால் அது பெரும்பாலும் மீனாட்சியின் உழைப்பால்தான். காஞ்சிக்கு வருவோருக்கு விற்கப்படும் கோயில் கையேடுகளில் அவர் பெயர் இடம்பெற வேண்டும்.

பொருள்வரிசையும் அகரவரிசையும்

காஞ்சிக்கு வெளியே தமிழ்நாடு முழுவதும் பரவியிருந்த தொகுப்பு நூல் நிகண்டு. 9ஆம் நூற்றாண்டினதாகக் கருதப்படும் திவாகரம் தெய்வம், மக்கள், விலங்கு, மரம், இடம், பல்பொருள், செயற்கை வடிவம், பண்பு, செயல், ஒலி என்று பெயர்களை வகுத்து, ஒருசொல் பல்பொருளையும் தொகைப் பெயர்களையும் சேர்த்து 12 தொகுதியாக்கியது. பிங்கலம் வேறு வழியில் சென்று, தெய்வத்துக்கு முன் வானத்தை வைத்து 10 வகையாக்கியது. மண்டலபுருடரின் சூடாமணி நிகண்டு திவாகரத்தின் 12 தொகுதியையே விருத்தத்தில் பாடியது. விருத்தம் மனத்தில் நிற்கும். ஆகவே திண்ணைப் பள்ளிகளில் அதுவே நிலைத்தது.

நினைவிலிருந்து எடுக்கும் காலத்துக்குப் பொருள்வரிசை ஏற்றது; ஏட்டைப் புரட்டித் தேடுபவருக்கு எழுத்துவரிசை வேண்டும். 1594இல் சிதம்பரம் இரேவணசித்தர் அகராதி நிகண்டில் முதலெழுத்து வரிசையைக் கைக்கொண்டார். 1732இல் வீரமாமுனிவர் பெயர், பொருள், தொகை, தொடை என்ற நான்கு பிரிவோடு சதுரகராதியை அமைத்தார்.

எண்ணிட்டுத் தொகுக்கும் தொகை என்னும் முறை காஞ்சிக்காரர்களின் அன்றாடப் பேச்சிலேயே உண்டு. தேவாரப் பாடல் பெற்ற தலம் ஐந்து: ஏகம்பம், மேற்றளி, ஓணகாந்தன்தளி, அனேகதங்காவதம், காரைக்காடு. வைணவரின் 108 திவ்யதேசங்களில் காஞ்சியில் எண்ணப்படுபவை 14; உலகளந்த பெருமாள் கோயில் வளாகம் ஒன்றுக்குள்ளேயே ஊரகம், நீரகம், காரகம், கார்வானம் என நான்கு அடங்கும். 18ஆம் நூற்றாண்டில் சிவஞான முனிவரும் அவர் மாணவர் கச்சியப்ப முனிவரும் பாடிய காஞ்சிப்புராணம் ஊரின் கோயில்களையும் தீர்த்தங்களையும் தலந்தலமாகத் தொகுத்த நூல். அதைப் பக்திநூலாக மட்டும் படிப்பவர் அதிலுள்ள ஊர் விவரங்களைத் தவறவிடுவார்.

அச்சில் வந்த களஞ்சியங்கள்

யாழ்ப்பாணத்து முத்துத்தம்பிப் பிள்ளையின் அபிதானகோசம் 1902இல் வெளிவந்தது. சென்னைப் பச்சையப்பன் கல்லூரியில் தமிழாசிரியராக இருந்த ஆ. சிங்காரவேலு முதலியார் தனியாளாகத் தொகுத்த அபிதான சிந்தாமணி 1910இல், மதுரைத் தமிழ்ச் சங்கத்துப் பாண்டித்துரைத் தேவரின் துணையோடு அச்சேறியது. 1,000 பக்கத்துக்கு மேற்பட்ட அந்நூல் 1934இன் இரண்டாம் பதிப்பில் 1,600 பக்கத்தைத் தாண்டியது. புராணப் பாத்திரமும் மருந்துச் சரக்கும் ஊர்ப்பெயரும் அதில் அடுத்தடுத்து நிற்கும். ஒன்றைத் தேடப் போனவர் நான்கைப் படித்துவிட்டே எழுவார்.

தி.சு. அவினாசிலிங்கம் செட்டியார் தோற்றுவித்த தமிழ் வளர்ச்சிக் கழகம், பெரியசாமித் தூரனை முதன்மை ஆசிரியராகக் கொண்டு வெளியிட்ட கலைக்களஞ்சியம் பல அறிஞர்களின் கூட்டுழைப்பு. முதல் தொகுதி 1954இலும் பத்தாவது 1968இலும் வந்தன. குழந்தைகளுக்கான பத்துத் தொகுதிகளும் தொடர்ந்தன. தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம் வாழ்வியலுக்கும் அறிவியலுக்கும் தனித்தனிக் களஞ்சியங்கள் கண்டது.

தறியின் சொற்கள்

18ஆம் நூற்றாண்டுப் பிரான்சில் திதெரோ பதிப்பித்த கலைக்களஞ்சியம் 17 தொகுதி எழுத்தும் 11 தொகுதிப் படங்களும் கொண்டது. கத்தி செய்பவரின் மகனான அவர், பட்டறைகளுக்குச் சென்று தொழிலாளரிடம் கேட்டு, கருவிகளின் பெயரையும் பட்டுத்தறியின் உறுப்புகளையும் தத்துவத்துக்கு நிகராக அச்சில் ஏற்றினார். தமிழ்த் தொகுப்பு மரபு சொல்லுக்கும் சமயத்துக்கும் செய்யுளுக்கும் காட்டிய அக்கறையைக் கைத்தொழிலுக்குக் காட்டவில்லை. நிகண்டின் செயற்கை வடிவத் தொகுதியில் கருவிகளின் பெயர் கிடைக்கும். அதைக் கையாளும் முறை கிடைக்காது.

காஞ்சிபுரம் பட்டுக்கு 2005-06இல் புவிசார் குறியீடு கிடைத்தது. ஆனால் அந்நகரின் பிள்ளையார்பாளையத்துத் தறிவீடுகளில் புழங்கும் அறிவு பெரும்பாலும் வாய்மொழியாகவே இருக்கிறது. பாவும் ஊடையும் எப்படிச் சேர்கின்றன, உடலுக்கு ஒரு நிறமும் கரைக்கு ஒரு நிறமுமாகக் கோர்வை போடுவது எப்படி, அதற்கு ஏன் இரண்டாவது ஆள் வேண்டும், முந்தி எங்கே தொடங்குகிறது, அடை கட்டுவது என்றால் என்ன என்பவை நெய்பவர் கையிலும் பேச்சிலும் உள்ளன. மயில்கண், குயில்கண், வைரஊசி, ருத்ராட்சம், தாழம்பூ ரேக்கு என்று புட்டாவுக்கும் கரைக்கும் வழங்கும் பெயர்களே ஒரு நிகண்டுத் தொகுதிக்குப் போதும். விசைத்தறி பெருகி, நெசவாளர் வீட்டுப் பிள்ளைகள் வேறு வேலைக்குப் போகும் இக்காலத்தில், சொல்லித்தர ஆள் இருக்கும்போதே இவற்றை எழுதி வைக்க வேண்டும். காஞ்சியின் கல்லூரித் தமிழ்த் துறைகள் இதைக் கையிலெடுக்கலாம். தறியுள்ள வீட்டில் பிறந்து எழுதப் படிக்கத் தெரிந்த எவரும் ஒரு நோட்டுப் புத்தகத்தோடு இன்றே தொடங்கலாம்: சொல், அதன் பொருள், அதைச் சொன்னவர், சொன்ன தேதி.