இலண்டன் மாநகரின் ஏழைச் சிறாரும் அவர் பெற்ற கல்வியும்

நாட்டு வரலாறு எழுதுவோர் அரசர் ஆண்டதையும் படைகள் பொருததையும் விரித்துரைப்பர். சிறுவர் கற்றதையும் கல்லாதிருந்ததையும் ஓரிரு வரிகளில் அடக்கிவிடுவர். ஆயினும், ஒரு நகரத்தின் மேம்பாட்டை அளத்தற்கு அதன் மாடமாளிகைகளினும் அதன் தெருக்களில் திரியும் சிறுவரே தக்க அளவுகோலாவர். பத்தொன்பதாம் நூற்றாண்டிலே உலகின் மிகப் பெரிய நகரமாகவும் பெருஞ் செல்வத்தின் இருப்பிடமாகவும் விளங்கிய இலண்டன் மாநகரம், தன் ஏழைச் சிறாரைத் தெருவிலிருந்து பள்ளிக்குக் கொணர்தற்கு ஏறத்தாழ நூறு ஆண்டுகள் முயன்றது. மலிவான முறைகளைக் கையாண்டது, அறச்செயலை நம்பியது, ஈற்றிலே சட்டம் இயற்றியது. பிள்ளையின் வீட்டு நிலையை நோக்காத எம்முயற்சியும் முற்றுப்பெறாது என்னும் உண்மையை அது மெல்ல மெல்லவே உணர்ந்தது. அவ்வுண்மையை அது உணர்ந்த வரலாறே இக்கட்டுரையின் பொருளாகும்.

முதலில் நகரின் வளர்ச்சியை நோக்குவோம். இங்கிலாந்தில் முதற் குடிமதிப்பு எடுக்கப்பட்ட 1801ஆம் ஆண்டில் இலண்டனின் மக்கள்தொகை ஏறத்தாழ 10 இலட்சம். 1851இல் அது 23 இலட்சத்தைக் கடந்தது. 1901இல் 45 இலட்சத்தை எட்டியது. நாட்டுப்புறத்தில் நிலமிழந்தோரும், 1840களின் பெரும் பஞ்சத்துக்குத் தப்பிவந்த ஐரிசு மக்களும் அந்நகரின் ஒடுங்கிய சந்துகளிலே ஓர் அறைக்கு ஒரு குடும்பமாகக் குடிபுகுந்தனர். தந்தையின் கூலி வாடகைக்கும் அப்பத்துக்கும் போதாதவிடத்துப் பிள்ளையும் உழைத்தல் வேண்டியதாயிற்று.

மஞ்செஸ்ரர் முதலிய நகரங்களில் நூலாலைகள் இருந்தன. 1833ஆம் ஆண்டின் தொழிற்சாலைச் சட்டம் ஒன்பது வயதுக்குட்பட்டோரைப் பெரும்பாலான அவ்வாலைகளிலிருந்து விலக்கி, பதின்மூன்று வயதுக்குட்பட்டோர்க்கு நாள்தோறும் இரண்டு மணிநேரக் கல்வியையும் விதித்தது. ஆனால் இலண்டனோ ஆலை நகரமன்று. அங்குச் சிறுவர் வீட்டறையிலே தீப்பெட்டி ஒட்டினர். தெருவிலே பூவும் கீரையும் விற்றனர். தேம்சு நதி வற்றும் வேளையிற் சேற்றிலிறங்கி நிலக்கரித் துண்டும் பழைய இரும்பும் பொறுக்கினர். இவர்களைத் தொழிற்சாலைச் சட்டம் தீண்டவில்லை. புகைபோக்கிகளினுள்ளே ஏறிக் கரி துடைத்த சிறுவரின் நிலை இன்னுங் கொடிது. அவரைக் காத்தற்கென 1788, 1834, 1840, 1864 ஆகிய ஆண்டுகளிற் சட்டங்கள் பிறந்தன. 1875ஆம் ஆண்டின் சட்டமே அவ்வழக்கத்தை ஒழித்தது. நடைமுறைப்படுத்துவோர் இல்லாத சட்டம் ஏட்டிலே உறங்கும் என்பதற்கு இதனிலும் சிறந்த சான்று வேண்டுவதில்லை.

இவ்வாழ்வு பெருநாவலாசிரியர் ஒருவரின் உள்ளத்திலும் வடுவாகப் பதிந்தது. சார்ள்ஸ் டிக்கின்ஸ் 1824இல், தம் பன்னிரண்டாம் வயதில், தந்தை கடனுக்காகச் சிறைப்பட்டமையாற் பள்ளியை விடுத்துச் சப்பாத்து மை செய்யும் நிலையமொன்றிலே புட்டிகளுக்குச் சீட்டு ஒட்டினார். வாரத்துக்கு ஆறு சிலிங் அவர் பெற்ற கூலி. ஹென்றி மேஹியூ என்னும் பத்திரிகையாளர் 1849ஆம், 1850ஆம் ஆண்டுகளில் இலண்டன் ஏழைகளைத் தேடிச்சென்று அவர்தம் வாய்மொழியையே பதிவு செய்தார். அவர் கண்டவருள் நீர்க்கீரை விற்ற எட்டு வயதுச் சிறுமி ஒருத்தி. விடியுமுன் சந்தைக்குச் சென்று கீரை வாங்கிக் கட்டுக்கட்டி விற்பது அவள் தொழில். எழுத்தறியாள், ஆயினும் ஒரு சிலிங்குக்கு எத்தனை பென்சு என்பதை ஐயமின்றி அறிவாள். பூங்கா என்பது எங்குள்ளது என அறியாள். அறிவில்லாமையன்று அவளைப் பள்ளிக்குப் புறத்தே நிறுத்தியது. நாளாந்தம் அவள் ஈட்டிய சில பென்சே என்பது ஈண்டு ஊன்றி நோக்கற்பாலது.

இனி, இத்தகைய சிறார்க்கு அந்நகரம் அமைத்த பள்ளிகளை ஆராய்வோம். அவற்றுள் முதன்மை பெற்ற முறையொன்று தமிழகத்திலிருந்து சென்றது என்பதை நம்மவருட் பலர் அறியார். அன்றூ பெல் என்னும் ஸ்கொத்லாந்துக் குருவானவர் 1789 முதற் சென்னை எழும்பூரில் ஆண் அனாதைப் பிள்ளைகளின் விடுதியை நடத்தினார். ஒருநாள் அவர் ‘மலபார்’ப் பள்ளியொன்றைக் கடந்து செல்கையில், பிள்ளைகள் மணலிலே விரலால் எழுதிக் கற்றலைக் கண்டார். அக்காலத்து ஐரோப்பியர் தமிழரை மலபாரிகள் என வழங்கினர். எனவே பெல் கண்டது நமது திண்ணைப் பள்ளிக்கூடமே. தம் விடுதி ஆசிரியர் அம்முறையை ஏற்க மறுத்தமையால், எட்டு வயதுச் சிறுவன் ஒருவனைக் கொண்டே இளையோர்க்கு அரிச்சுவடி கற்பிக்கச் செய்தார். மூத்த மாணாக்கன் இளைய மாணாக்கனுக்குச் சொல்லிக்கொடுக்கும் சட்டாம்பிள்ளை முறையை ஒத்த அதுவே ‘சென்னை முறை’ எனப் பெயர்பெற்றது. 1797இல் அவர் அதனை இலண்டனில் நூலாக வெளியிட்டார்.

அடுத்த ஆண்டு, 1798இல், யோசப் லங்காஸ்ரர் என்னும் இளைஞர் இலண்டன் சதர்க் பகுதியில் ஏழைப் பிள்ளைகளுக்கு ஒரு பள்ளியைத் தொடங்கி, இதனையொத்த முறையைக் கைக்கொண்டார். ஒரே மண்டபம், ஓர் ஆசிரியர், நூற்றுக்கணக்கான பிள்ளைகள், இடையிலே சட்டாம்பிள்ளைகள். செலவு மிகச் சிறிது. ஆங்கிலத் திருச்சபையார் பெல்லைப் பின்பற்றி 1811இல் ஒரு சங்கத்தையும், ஏனையோர் லங்காஸ்ரரைப் பின்பற்றிப் பிறிதொரு சங்கத்தையும் நிறுவினர். ஆயினும் திண்ணையிற் சில பிள்ளைகளிடையே உயிரோடிருந்த முறை, இலண்டன் மண்டபத்தில் ஓர் எந்திரமாயிற்று. மணியோசைக்கும் கட்டளைக்கும் பிள்ளைகள் அசைந்தனர். தவறிழைத்தோரைக் கூடையில் இட்டுக் கூரையிலே தொங்கவிடுதலும் லங்காஸ்ரரின் தண்டனைகளுள் ஒன்றாயிருந்தது. ஆசிரியர் தம் மாணாக்கரின் பெயரையும் முகத்தையும் அறிதற்கு அங்கு வழியில்லை. மலிவு ஒன்றே கருதி இரவல் பெற்ற முறை, தன் பிறப்பிடத்து உயிரை இழந்தது. 1846 முதல், பதின்மூன்று வயதினரை ஐந்தாண்டு பயிற்றும் மாணவ ஆசிரியர் திட்டம் வரவே, சட்டாம்பிள்ளை முறை தேய்ந்து மறைந்தது.

இப்பள்ளிகளிலும் சேர்க்கத்தகாதோர் என விலக்கப்பட்ட பிள்ளைகள் இருந்தனர். காலணியில்லை, மாற்றுடையில்லை, வாரந்தோறும் செலுத்தக் காசுமில்லை. இவர்களுக்கென எழுந்தவையே ‘கந்தைப் பள்ளிகள்’. 1844இல் அவற்றின் ஒன்றியம் அமைந்தது. பின்னாளில் ஷாவ்ற்ஸ்பரிப் பிரபு எனப் பெயர்பெற்றவர் அதன் தலைவரானார். கட்டணமில்லை, சிலவிடத்து உணவும் கிடைத்தது. டிக்கின்ஸ் 1843இல் அத்தகைய பள்ளியொன்றைச் சென்று கண்டார். அவ்வாண்டு இறுதியில் அவர் வெளியிட்ட ‘நத்தார்க் கீதம்’ என்னும் கதையிலே அறியாமையும் வறுமையும் இரு மெலிந்த சிறாராக உருப்பெற்றன. பசித்தவனுக்கு உணவளித்துப் பாடஞ் சொன்ன இப்பள்ளிகளே, பின்னர் அரசு செய்ய வேண்டியதை முன்கூட்டிக் காட்டின. எனினும், அறஞ்செய்வோர் கைப்பொருளை நம்பிய பள்ளிகள் நகர் முழுவதற்கும் போதியவாக இல்லை.

அரசோ 1833இல் முதன்முறையாக 20,000 பவுண் கல்விக்கு வழங்கிற்று. செலவு பெருகக் கண்டு, 1862இல் றொபேட் லோ என்பார் ‘பேற்றுக்கேற்ற பணம்’ என்னும் விதியைப் புகுத்தினார். பரிசோதகர் முன்னிலையில் ஒரு பிள்ளை வாசிப்பு, எழுத்து, கணிதம் என்னும் மூன்றனுள் ஒன்றிலே தவறினால் இரண்டு சிலிங் எட்டுப் பென்சு குறைக்கப்படும். கவிஞரும் பாடசாலைப் பரிசோதகருமாகிய மத்தியூ ஆர்னல்ட் இதனைக் கடுமையாக எதிர்த்தார். அவர் அஞ்சியவாறே, ஆசிரியர் பிள்ளைக்குக் கற்பித்தலை விடுத்துப் பரிசோதகருக்குக் கற்பிக்கலாயினர். மந்த மாணாக்கனும் நோயுற்ற மாணாக்கனும் ஆசிரியரின் ஊதியத்துக்கு இடையூறாகத் தோன்றினர். இலங்கையிலும் உதவிபெற்ற பாடசாலைகள் அந்நூற்றாண்டின் பிற்பகுதியில் இத்தகைய விதியின்கீழ் வருந்தின. அங்கு அது 1890களிலேயே நீங்கிற்று.

இந்நிலையிலேதான் 1870ஆம் ஆண்டின் கல்விச் சட்டம் பிறந்தது. அதனைப் பாராளுமன்றத்திற் கொணர்ந்தவர் வில்லியம் போஸ்ரர். பள்ளியில்லாத இடங்களில் மக்கள் தெரிந்தெடுக்கும் கல்விச்சபைகள் வரிப்பணத்திற் பள்ளி அமைக்கலாம் என்பது அதன் சாரம். அவ்வாண்டு நவெம்பரிற் தெரிவான இலண்டன் கல்விச்சபையில் 49 உறுப்பினர். விஞ்ஞானி ஹக்ஸ்லி அவருள் ஒருவர். எலிசபெத் கரற், எமிலி டேவிஸ் என்னும் இரு பெண்களும் தெரிவாயினர். பாராளுமன்றத்துக்கு வாக்களிக்கும் உரிமை பெண்களுக்கு இல்லாத காலம் அது. 1871இல் இச்சபை ஐந்து முதற் பதின்மூன்று வயது வரையுள்ளோர்க்கு வரவைக் கட்டாயமாக்கியது. அதன் சிற்பி றொப்சன் அமைத்த மூன்று மாடிப் பள்ளிகள் தாழ்ந்த கூரைகளுக்கு மேலே தலைநிமிர்ந்து நின்றன. 1904இற் சபை கலைந்தபோது அத்தகையன ஏறத்தாழ 400 எழுந்திருந்தன.

கட்டடம் எழுந்தது, கட்டாயமும் வந்தது. ஆயினும் பிள்ளைகள் எல்லோரும் வந்தாரல்லர். ஏனெனிற் கட்டாயம் விதித்த சட்டம் கட்டணத்தை நீக்கவில்லை. வாரத்துக்கு ஒன்பது பென்சு வரை அறவிடலாம் என அது இடந்தந்தது. வராத பிள்ளையைத் தேடி வீடுதோறும் சென்ற வரவு அலுவலர் கண்ட காட்சி யாது? ஒரே சோடிச் சப்பாத்தை முறைவைத்து அணியும் உடன்பிறந்தார். சலவை நாளன்று கைக்குழந்தையைப் பார்த்தற்கு மறிக்கப்பட்ட மூத்த பெண்பிள்ளை. ஆண்பிள்ளை வராவிடின் வழக்கு. பெண்பிள்ளை வராவிடின் வீட்டுவேலை எனப் பெரும்பாலும் பொறுத்துக்கொண்டனர். கல்வியிலே பெண்மக்களுக்கு நேர்ந்த இழப்பு இவ்வாறு கணக்கில் வாராமலே போயிற்று.

எனினும் இவ்வலுவலர் வீடுவீடாகத் திரட்டிய அறிவு வீண்போகவில்லை. சார்ள்ஸ் பூத் என்னும் வணிகர் இலண்டனின் வறுமையை ஆராயப் புகுந்தபோது, இவர்களையே வினாவித் தெரு தெருவாகக் கணக்கெடுத்தார். நகர மக்களில் நூற்றுக்கு 30.7 பேர் வறுமையில் வாழ்கின்றனர் என்பது அவர் கண்ட முடிவு. வறுமை ஒருவனது சோம்பலின் பயன் என எண்ணியிருந்தோர்க்கு அது பேரதிர்ச்சியாயிற்று. பள்ளி இடாப்பில் விழுந்த வெற்றிடமே நகரின் மெய்ந்நிலையை வெளிப்படுத்திற்று எனலாம்.

இதன் பின்னரே சட்டங்கள் பிள்ளையின் வீட்டை நோக்கித் திரும்பின. 1891இல் ஆரம்பக் கல்வி பெரும்பாலும் இலவசமாயிற்று. கட்டாய வயதெல்லை 1893இற் பதினொன்றாகவும், 1899இற் பன்னிரண்டாகவும் உயர்ந்தது. அவ்வாண்டிலே, முழுநேரம் பள்ளி செல்லும் பிள்ளைகளுள் ஏறத்தாழ 144,000 பேர் பள்ளி நேரத்துக்குப் புறம்பே கூலிக்கு உழைக்கின்றனர் என நாடளாவிய கணக்கொன்று காட்டவே, 1903இற் சிறுவர் தொழிலைக் கட்டுப்படுத்தும் சட்டம் வந்தது. தென்னாபிரிக்கப் போருக்கு ஆள் திரட்டியபோது இளைஞர் பலர் உடல்வலி அற்றோராகக் காணப்பட்டமையும் ஆட்சியாளரைத் தட்டியெழுப்பியது. 1906இற் பள்ளியில் உணவளித்தற்கும், 1907இல் மருத்துவப் பரிசோதனைக்கும் சட்டம் வகுக்கப்பட்டது. தெற்கு இலண்டனின் டெப்வட் பகுதியில் மார்கிறற் மக்மில்லனும் அவர் சகோதரி றேச்சலும் 1910இற் சிறார் மருத்துவ நிலையத்தையும், 1914இற் திறந்தவெளிப் பாலர் பள்ளியையும் நிறுவினர். குளித்து, உண்டு, உறங்கி எழுந்த பிள்ளையே கற்கும் என்பது அவர்தம் கொள்கை.

இவ்வாறு நோக்குமிடத்து, இலண்டன் ஏழைச் சிறாரைப் பள்ளிக்குக் கொணர்ந்தது 1870ஆம் ஆண்டின் சட்டம் ஒன்றே எனக் கூறுதல் பொருந்தாது. அச்சட்டம் வாயிலைத் திறந்தது. கட்டணம் நீங்கியும், உணவும் மருந்தும் கிடைத்தும், பிள்ளையின் கூலியை நம்பாமற் குடும்பம் வாழத் தொடங்கியுமே அவர் அவ்வாயிலினுட் புகுந்தனர். நம் நாட்டிற் கன்னங்கராவின் முயற்சியால் 1945இற் பெற்ற இலவசக் கல்வியின் அருமையை இவ்வரலாற்றோடு வைத்து நோக்கினாலன்றி நாம் முற்றாக உணரோம். கட்டணம் இல்லாதவிடத்தும், நகரத்துக் கடைகளிலும் சந்தைகளிலும் பள்ளி வயதினர் நிற்பதை இன்றும் காண்கிறோம். காலையில் இடாப்பை விரித்து வராதவனின் பெயருக்கு நேரே குறியிடும் ஆசிரியர், அக்குறியோடு தம் கடமை முடிந்ததெனக் கருதலாகாது. அவன் எங்குள்ளான், ஏன் வரவில்லை என்று கேட்டறிதலே கற்பித்தலின் முதற்படி. அவ்வினாவைக் கேட்க இலண்டன் மாநகரத்துக்கு நூறு ஆண்டுகள் சென்றன. நமக்கு அத்துணைக் காலம் வேண்டுவதில்லை.