வெப்பப் படப் பகுப்பாய்வு மென்பொருள்

வெப்பக் கேமரா எடுத்த படத்திலிருந்து வெப்பநிலையைக் கணக்கிட்டு, பழுதான இடத்தைக் குறித்து, அறிக்கையாக்கித் தரும் கணினி நிரல். திருப்பூர் வட்டாரத்தில் எனர்ஜி ஆடிட்டர்களுக்கும் சாயப்பட்டறை, பனியன் கம்பெனிகளின் மின்பராமரிப்பாளர்களுக்கும் பயன்படுவது.

வில்லியம் ஹெர்ஷல் அகச்சிவப்புக் கதிர்களைக் கண்டறிந்தது 1800-இல். 1840-இல் அவர் மகன் ஜான் அந்தக் கதிர்களைக் கொண்டு படமே பதித்தார். மின்தடங்களைச் சோதிக்கும் கேமராவை 1965-இல் சுவீடனின் ஆகா நிறுவனம் விற்பனைக்குக் கொண்டுவந்தது. திரவ நைட்ரஜன் ஊற்றிக் குளிர்வித்த அந்தக் கருவிகளில் திரையைப் புகைப்படம் எடுத்து, வெப்பநிலையைக் கையால்தான் கணக்கிட்டார்கள். 1980-களில் கணினி துணைக்கு வந்தது. 1990-களின் இறுதியில் குளிர்விக்கத் தேவையில்லாத உணரி வந்து கேமரா கையடக்கமானது. ஆகாவின் வழிவந்த அஜெமா, ஃபிளிர் நிறுவனத்தோடு சேர்ந்தது. ஃபிளிரை 2021-இல் டெலிடைன் வாங்கியது. ஃபிளிர் டூல்ஸ், ஃப்ளூக்கின் ஸ்மார்ட்வியூ, டெஸ்டோவின் ஐஆர்சாஃப்ட் ஆகியவை பரவலாக அறியப்பட்ட மென்பொருள்கள்.

இந்த வரலாற்றில் பெரிய திருப்பம், படத்தோடு அளவையும் சேர்த்துச் சேமிக்கத் தொடங்கியதுதான். 320-க்கு 240 புள்ளிப் படமென்றால் 76,800 இடங்களின் வெப்ப அளவு கோப்பிலேயே இருக்கும். கேமராவில் தப்பாக வைத்த உமிழ்திறனை மேசையில் உட்கார்ந்து திருத்தலாம். உமிழ்திறன் என்பது ஒரு பரப்பு தன் வெப்பத்தை எவ்வளவு கதிராக வெளிவிடுகிறது என்பதன் அளவு. கருப்பு இன்சுலேஷன் டேப்புக்கு ஏறத்தாழ 0.95, பளபளக்கும் உலோகத்துக்கு 0.1 அளவில்தான்.

துணி உலர்த்தும் ஸ்டென்டருக்குப் போகும் சூடான எண்ணெய்க் குழாயின் அலுமினிய உறை 80 டிகிரியில் இருந்தாலும், 0.95 என்று வைத்துப் பார்த்தால் படம் 40-க்கும் கீழே காட்டும். இன்சுலேஷன் கெட்டுப்போனது தெரியாமலே போகும். உறையில் ஒரு துண்டு டேப் ஒட்டி, டேப்பின் மேல் அளப்பதே சரியான வழி.

இப்படி வீணாகும் வெப்பம் திருப்பூருக்கு முக்கியமானதற்குக் காரணம் உண்டு. நொய்யல் ஆற்று மாசு வழக்கில் 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூட உத்தரவிட்டது. பூஜ்யக் கழிவு வெளியேற்றம் கட்டாயமாக, சாயக்கழிவின் உப்புநீரை ஆவியாக்கும் செலவும் சேர்ந்தது. துணியை உலர்த்தும் செலவு ஏற்கெனவே உண்டு. எனவே வீணாகும் ஒவ்வொரு டிகிரியும் இங்கே காசு.

நிட்டிங் யூனிட்டில் கவலை வேறு. பஞ்சுத் தூசி படிந்த பேனல் போர்டில் ஒரு லூஸ் கனெக்‌ஷன் போதும், தீப்பிடிக்க. ஒரே சுமையில் ஓடும் மூன்று ஃபேஸ்களில் ஒன்று மற்றவற்றைவிட 15 டிகிரிக்கு மேல் சூடானால் உடனே சரிசெய்ய வேண்டும் என்கிறது அமெரிக்காவின் நேட்டா என்ற மின்சோதனை அமைப்பின் அளவுகோல். ஆனால் வெப்ப உயர்வு மின்னோட்டத்தின் வர்க்கத்தை ஒட்டியே ஏறும். பாதி மெஷின்கள் நின்றிருக்கும் நேரத்தில் எடுத்த படத்தில் அந்த உயர்வு ஏறத்தாழ கால்பங்காகத் தெரியும். ஆகவே படம் எடுத்த நேரத்து ஆம்பியரை அறிக்கையில் எழுதியே ஆகவேண்டும். அது இல்லாத அறிக்கையை நம்பிப் பேனல் கதவை மூடக்கூடாது.