499 கோடிக்கு முன்னும் பின்னும்: ராஜேஷ் ஜெயினின் இணைய முயற்சிகள்

இந்திய இணையத்தின் வரலாற்றைச் சொல்ல முற்படுவோர் பெரும்பாலும் ஒரு விலையிலிருந்துதான் தொடங்குகின்றனர். 1999 நவம்பர் இறுதியில், சென்னையைத் தலைமையிடமாகக் கொண்ட சத்யம் இன்ஃபோவே நிறுவனம், மும்பையிலிருந்து இயங்கிவந்த இந்தியாவேர்ல்டு என்னும் வலைத்தளக் குழுமத்தை 499 கோடி ரூபாய்க்கு வாங்க ஒப்பந்தம் செய்தது. அன்றைய நாணய மாற்று மதிப்பில் அது ஏறத்தாழ 11.5 கோடி டாலர். ஆலையோ இயந்திரமோ சரக்குக் கிடங்கோ இல்லாத ஒரு சிறு நிறுவனத்திற்கு இவ்வளவு பெரிய தொகை தரப்பட்டதை அதுவரை இந்திய வணிக உலகம் கண்டதில்லை. நிறுவனர் ராஜேஷ் ஜெயினின் பெயரோடு அன்று ஒட்டிக்கொண்ட அந்த எண் இன்றும் உதிரவில்லை. அதற்கு முந்தைய ஏழாண்டு உழைப்பும் பிந்தைய கால் நூற்றாண்டு முயற்சிகளும் அதன் நிழலுக்குள் போய்விட்டன. ஆய்வுக்குரியவை உண்மையில் அவைதாம்.

மும்பை ஐஐடியில் 1988இல் மின் பொறியியல் பட்டம் பெற்று, நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் முதுகலை முடித்து, நைனெக்ஸ் என்னும் அமெரிக்கத் தொலைபேசி நிறுவனத்தில் பணியாற்றிவிட்டு, 1992இல் ஜெயின் நாடு திரும்பினார். ஐஐடி பட்டதாரிகள் மேற்கு நோக்கி விமானம் ஏறிக்கொண்டிருந்த காலம் அது. அன்றைய இந்திய மென்பொருள் துறை பெரும்பாலும் உழைப்பு நேரத்தை விற்று வாழ்ந்தது. பொறியாளர்களை வெளிநாட்டு வாடிக்கையாளரிடம் அனுப்பி, மணிக்கணக்கில் கூலி பெறுவதே அதன் முதன்மையான வழி. ஜெயினோ சொந்த மென்பொருள் பொருள்களை உருவாக்கி விற்க முயன்றார். படச் செயலாக்க மென்பொருள், பல்லூடகத் தரவுத்தளம் என அடுத்தடுத்து எடுத்த முயற்சிகள் தோல்வியுற்றன. உள்நாட்டில் கணினிகள் குறைவு. இருந்தவற்றிலும் மென்பொருளை விலை கொடுத்து வாங்கும் வழக்கம் அதைவிடக் குறைவு. வெளிநாட்டிலோ சந்தை இருந்தும் மும்பையிலிருந்து அதை எட்டுவதற்கான விற்பனைப் பாதை இல்லை. சரக்கு ஓரிடத்திலும் வாங்குபவர் வேறிடத்திலும் இருக்க, இடையில் பாலம் இல்லாத நிலை என்று அதைச் சொல்லலாம்.

அந்தப் பாலம் 1993க்குப் பின் தானாகவே கட்டப்பட்டது. மொசைக் உலாவியின் வருகையால் வலை என்னும் புதிய ஊடகம் அமெரிக்கப் பல்கலைக்கழகங்களில் வேகமாகப் பரவிற்று. அங்கே படித்துக்கொண்டும் பணிபுரிந்துகொண்டும் இருந்த பல்லாயிரம் இந்தியர்களின் மேசைகளில், அவர்கள் தனியாகக் கட்டணம் செலுத்தாமலே, இணைய இணைப்பு வந்து அமர்ந்தது. ஆனால் அதில் ஊரைப் பற்றிப் படிக்க ஏதுமில்லை. ஊர்ச் செய்தித்தாள் அஞ்சலில் வந்து சேர்வதற்குள் செய்தி பழையதாகிவிடும். தொலைபேசியில் பேசினாலோ நிமிடக் கணக்கில் பணம் கரையும். இந்த வெற்றிடத்தைக் குறிவைத்து 1995 மார்ச்சில் இந்தியாவேர்ல்டு தொடங்கப்பட்டது.

இங்கே ஒரு முரண் கவனிக்கத்தக்கது. இந்தியாவின் முதல் வலைவாசல் என்று சொல்லப்படும் இத்தளம் தொடங்கியபோது, இந்தியாவிலிருந்த பொதுமக்களால் அதைப் பார்க்க முடியாது. ஆய்வு நிறுவனங்களையும் பல்கலைக்கழகங்களையும் இணைத்த எர்நெட் வலையமைப்பு 1986 முதலே வளர்ந்துவந்ததெனினும் அது கல்வியாளர்களுக்கு உரியது. வி.எஸ்.என்.எல். நிறுவனம் பொதுமக்களுக்கு இணையச் சேவையைத் தொடங்கியது 1995 ஆகஸ்ட் 15ஆம் நாள்தான். அப்போதும் விநாடிக்கு 9.6 கிலோபிட் வேகத்தில் 250 மணி நேர இணைப்புக்குத் தனிநபர் 5,000 ரூபாய் கட்ட வேண்டியிருந்தது; அத்தனை தந்தும் தொலைபேசி வழி இணைப்பு கிடைப்பது அன்றைய அதிர்ஷ்டத்தைப் பொறுத்தது. எனவே இந்தியாவேர்ல்டின் சர்வர் அமெரிக்காவில் இருந்தது, வாசகரும் பெரும்பாலும் அங்கேயே இருந்தனர், உள்ளடக்கம் மட்டும் இங்கிருந்து சென்றது. நறுமணப் பொருளும் பருத்தியும் போன வழியில் செய்தியும் ஏற்றுமதியாகத் தொடங்கிற்று என்று சொன்னால் அது வெறும் அணியன்று; வணிக அமைப்பு உண்மையிலேயே அவ்வாறுதான் இருந்தது.

அந்த முதலாண்டுப் பக்கங்கள் எவ்வாறு இருந்தன என்பதை இன்று நேரில் காண வழி அரிது. வலைப்பக்கங்களைச் சேமித்துவைக்கும் இன்டர்நெட் ஆர்க்கைவ் 1996இல்தான் நிறுவப்பட்டது. பதினெட்டாம் நூற்றாண்டுக் கிழக்கிந்தியக் கம்பெனிக் கணக்கேடுகள் கறையானுக்குத் தப்பி ஆவணக் காப்பகங்களில் கிடக்கின்றன. 1995இன் வலைப்பக்கமோ அதை உருவாக்கியவரின் வன்தட்டு பழுதடைந்த நாளோடு முடிந்துபோயிருக்கலாம். விலை மட்டும் நினைவில் நின்றதற்கு இதுவும் ஒரு காரணம். ஒப்பந்தம் பங்குச்சந்தை ஆவணங்களில் பதிவாயிற்று. பக்கங்களுக்கு அத்தகைய பதிவேடு எதுவும் இல்லை.

இந்தியாவேர்ல்டு நெடுநாள் தனித்து நிற்கவில்லை. அதே 1995இல் ‘தி இந்து’ நாளிதழ் இணையப் பதிப்பைத் தொடங்கிற்று. மறு ஆண்டில் அஜித் பாலகிருஷ்ணனின் ரெடிஃப் வந்தது. ஜெயின் இதற்கிடையே ஒரே தளத்தைப் பெருக்குவதைவிட, ஒவ்வொரு தேவைக்கும் ஒரு தனித்தளம் என்னும் முறையைக் கையாண்டார். செய்திக்கு ‘சமாச்சார்’, தேடலுக்கு ‘கோஜ்’, விளையாட்டுக்கு ‘கேல்’, சமையலுக்கு ‘பாவர்ச்சி’. நான்கும் இந்தியில் அன்றாடம் புழங்கும் சொற்கள். ஆனால் வலை முகவரியில் அன்று ரோமன் எழுத்துக்கு மட்டுமே இடமிருந்ததால், இந்தியச் சொற்கள் அயல் எழுத்துடுத்தி உலகை வலம்வந்தன.

இவற்றுள் வரலாற்று நோக்கில் முதலிடம் தரத்தக்கது சமாச்சார். அது தானாக ஒரு செய்தியையும் எழுதவில்லை. பல நாளிதழ்களின் தலைப்புகளை ஒரே பக்கத்தில் அடுக்கி, சொடுக்கினால் அந்தந்த இதழுக்குக் கொண்டுசெல்லும், அவ்வளவே. கூகுள் தன் செய்தித் திரட்டியை வெளியிட்டது 2002இல். இன்று மிகச் சாதாரணமாகத் தோன்றும் இவ்வமைப்பின் மதிப்பு, அமெரிக்க நகரொன்றில் காலையில் அலுவலகம் சேர்ந்ததும் முதல் வேலையாக அதைத் திறந்து பார்த்த தலைமுறைக்குத் தெரியும். பாவர்ச்சியின் கதை சற்று வேறு. வீட்டில் அடுப்பங்கரைப் பக்கமே எட்டிப்பார்த்திராத மாணவர்கள் அயல்நாட்டு விடுதி அறையில் பருப்பு வேகவைக்கக் கற்றுக்கொண்ட காலத்தின் ஆவணம் அது. வாசகர் அனுப்பிய சமையல் குறிப்புகளையும் அது ஏற்றுக்கொண்டது.

பணம் எவ்வாறு வந்தது? விளம்பரம் ஓரளவு, மற்ற நிறுவனங்களுக்கு வலைத்தளம் அமைத்துத் தந்த கூலி ஓரளவு. பெருஞ்செல்வம் புரளும் தொழிலாக அது இருந்ததில்லை. அப்படியாயின் 499 கோடி எங்கிருந்து வந்தது என்னும் வினா எழும். விடை மும்பையில் இல்லை. சென்னையிலும் நியூயார்க்கிலும் இருக்கிறது.

1998 நவம்பரில் நடுவணரசு இணையச் சேவையைத் தனியாருக்குத் திறந்துவிட, வி.எஸ்.என்.எல்.லின் தனியுரிமை முடிவுற்றது. உடனே களமிறங்கியவற்றுள் முதன்மையானது சத்யம் இன்ஃபோவே. 1999 அக்டோபரில் அது நாஸ்டாக் சந்தையில் பட்டியலிடப்பட்டது. அங்கே சென்ற முதல் இந்திய இணைய நிறுவனம் அதுவே. அந்நாளைய அமெரிக்க முதலீட்டாளர் ஓர் இணைய நிறுவனத்தின் இலாபத்தைக் கேட்கவில்லை. அதன் தளங்களுக்கு எத்தனை கண்கள் வருகின்றன என்றே கேட்டனர். இணைப்பு மட்டும் விற்ற சத்யம் இன்ஃபோவேக்கு அக்கண்கள் உடனே தேவைப்பட்டன. நான்கரை ஆண்டுகளாகக் கண்களைச் சேர்த்து வைத்திருந்தவர் ஜெயின். ஆக, விலையை முடிவுசெய்தது இந்தியாவேர்ல்டின் வரவுசெலவு ஏடன்று. வாங்குபவரின் பங்குகளுக்கு நாஸ்டாக்கில் அன்றிருந்த மதிப்பு.

ஒப்பந்தத்தின் அமைப்பும் நோக்கத்தக்கது. முதலில் 24.5 விழுக்காட்டுப் பங்கு மட்டும் ரொக்கத்திற்குக் கைமாறிற்று. மீதியை வாங்கும் உரிமை பின்னர் நிறைவேற்றப்படுமாறு வைக்கப்பட்டது. இடையில் 2000 மார்ச் 10ஆம் நாள் நாஸ்டாக் குறியீடு உச்சம் தொட்டுச் சரியத் தொடங்கிற்று. ஆண்டின் நடுவில் கொள்முதல் நிறைவுற்றபோது மீதித் தொகையின் ஒரு பகுதி பங்குகளாகத் தரப்பட்டது. பின்னர் சத்யம் இன்ஃபோவே இந்தக் கொள்முதலின் நன்மதிப்புத் தொகையில் பெரும்பகுதியைத் தன் கணக்கிலிருந்து தள்ளுபடி செய்ய நேர்ந்தது.

இவ்விற்பனையைச் சாதனை என்பாரும் உளர், பித்துப்பிடித்த காலத்தின் விளைவு என்பாரும் உளர். இரு தரப்பும் விற்ற நாளை மட்டுமே பார்க்கின்றன. அதன் உடனடி விளைவு வேறொன்று: 2000இன் தொடக்க மாதங்களில் மும்பை, பெங்களூரு வீதிகளின் விளம்பரப் பலகைகளில் ‘டாட்காம்’ பெயர்கள் நிரம்பி வழிந்தன. அவற்றைத் தொடங்கியோர் பலர் இந்தியாவேர்ல்டின் விலையைப் படித்திருந்தனர். அந்த விலைக்கு முன்பிருந்த தோல்விகளைப் படிக்கவில்லை.

விற்றபின் ஜெயின் ஓய்ந்திருக்கவில்லை. 2002 முதல் ‘எமர்ஜிக்’ என்னும் வலைப்பதிவில் ஏறக்குறைய நாள்தோறும் எழுதினார். தொழில்முனைவோர் தம் எண்ணங்களைப் போட்டியாளர் கண்ணில் படாமல் மறைப்பதே வழக்கமாக இருக்க, அவர் வளரும் நாடுகளில் கணினி எவ்வாறு பரவும் என்பதைப் பொதுவெளியில் எழுத்தாகவே சிந்தித்தார். அச்சிந்தனையின் விளைவு நோவேடியம். சென்னை ஐஐடியின் பேராசிரியர் அசோக் ஜுன்ஜுன்வாலா, அனலாக் டிவைசஸ் நிறுவனர் ரே ஸ்டாட்டா ஆகியோருடன் இணைந்து தொடங்கப்பட்ட இம்முயற்சி, வன்தட்டே இல்லாத மலிவான கணினியைப் படைத்தது. கணிப்பு வேலை தொலைவிலுள்ள சர்வரில் நடக்கும். வீட்டில் இருப்பது திரையும் விசைப்பலகையும் ஒரு சிறு பெட்டியுமே. கேபிள் தொலைக்காட்சிக்குப் போல மாதக் கட்டணம் செலுத்தலாம். பழுதுபார்ப்பதோ நச்சுநிரலை விரட்டுவதோ பயனரின் தலைவலி அன்று. கருத்து மிகச் சிறந்தது. பிற்காலத்தில் ‘கிளவுட்’ என்று உலகம் கொண்டாடியதன் எளிய வடிவம் இதில் இருந்தது. ஆயினும் அதற்கு நிலையான அகலப்பட்டை இணைப்பு வேண்டும். அன்றைய இந்திய வீடுகளில் அது இல்லை. அத்தகைய இணைப்பு பரவலாக வந்துசேர்ந்தபோது அது கைப்பேசி வழியாக வந்தது. மேசைக் கணினியைத் தேடுவாரும் குறைந்தனர்.

‘மைடுடே’ என்னும் குறுஞ்செய்திச் சேவையும் இவ்வாறே ஓர் இல்லாமையைப் பற்றிக்கொண்டு எழுந்தது. கைப்பேசி இருந்தும் அதில் இணையம் இல்லாதவருக்குச் செய்தித் தலைப்புகளையும் பிற தகவல்களையும் குறுஞ்செய்தியாக இலவசமாய் அனுப்பும் ஏற்பாடு அது. 2011 செப்டம்பரில் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம் வணிகக் குறுஞ்செய்திகளுக்குக் கடும் கட்டுப்பாடு விதித்தது, திறன்பேசியும் மலிந்துவந்தது. குறுஞ்செய்தி வழிச் செய்தி என்னும் முழுத்துறையே அதன்பின் மெலிந்தது. இந்தியாவேர்ல்டுக்குத் தொலைவும், நோவேடியத்துக்குக் கணினியின் விலையும், மைடுடேவுக்குக் கைப்பேசி இணையமின்மையும் அடிப்படையாயின. ஜெயினின் கைவண்ணம் இல்லாமையை இனங்காண்பதில் இருந்தது. அந்த இல்லாமை எத்தனை ஆண்டு நீடிக்கும் என்பதுதான் அவர் கையில் இல்லை. தொலைவு மட்டும் போதிய காலம் நீடித்தது, அதுதான் விலைபோனது.

2011க்குப் பின் சில ஆண்டுகள் அவர் அரசியலில் தரவு, இணையம் ஆகியவற்றின் பயன்பாட்டில் ஈடுபட்டு, 2014 பொதுத்தேர்தலில் பாரதிய ஜனதா கட்சியின் பரப்புரைக்கு நிதி டிஜிட்டல் என்னும் அமைப்பு வழியாகத் துணைநின்றார். பின்னர் அதிலிருந்து விலகித் தனிவழி சென்றார். தேர்தல் வரலாற்றாளருக்கு உரிய அந்தப் பகுதி தனியே எழுதத்தக்கது.

இத்தனைக்கும் இடையே ஓசையின்றி நடந்துவந்த தொழில் ஒன்று உண்டு. இந்தியாவேர்ல்டு விற்கப்படுவதற்கு முன்பே, 1990களின் பிற்பாதியில் தொடங்கப்பட்ட நெட்கோர், லினக்ஸ் அடிப்படையில் நிறுவனங்களுக்கு மின்னஞ்சல் வசதி அமைத்துத் தந்தது. செய்தித்தாள் முதற்பக்கத்துக்கு ஏற்ற தொழிலன்று. வங்கியும் அங்காடியும் தம் வாடிக்கையாளருக்கு அனுப்பும் கடிதங்கள் உரிய இடத்தில் சேருமாறு பார்த்துக்கொள்ளும் குழாய்வேலை போன்றது அது. வெளி முதலீட்டாளரிடம் கையேந்தாமல், ஈட்டியதைக் கொண்டே வளர்ந்தது. இவ்வகை நிறுவனத்துக்கு ‘புராஃபிகார்ன்’ என்று ஜெயின் ஒரு புதுச்சொல்லே படைத்தார்: நிறுவனரின் முதலிலேயே இயங்கி, இலாபமும் ஈட்டி, பத்துக் கோடி டாலர் மதிப்பை எட்டிய தனியார் நிறுவனம். நூறு கோடி டாலர் மதிப்பிருந்தால் போதும், இலாபம் வேண்டாம் என்று ‘யூனிகார்ன்’ கொண்டாடிய காலத்தில் அச்சொல் ஒரு மறுப்புரை. அதைச் சொன்னவர், இலாபத்தைப் பாராமல் கண்களை எண்ணிய சந்தையில் தன் முதல் நிறுவனத்தை விற்றவர் என்பதையும் சேர்த்தே அச்சொல்லைப் படிக்க வேண்டும்.

2022இல் நெட்கோர், பெங்களூரின் அன்பிஎக்ஸ்டி நிறுவனத்தைத் தன்வசப்படுத்தியது. இம்முறை ஜெயின் வாங்கும் பக்கத்தில் இருந்தார். இணைய அங்காடிகளுக்குள் பொருள்களைத் தேடித்தருவது அன்பிஎக்ஸ்டியின் தொழில். அவர் முன்பு விற்ற தளங்களுள் ‘கோஜ்’ என்பதன் பொருளும் தேடல்தான்.