கூரையில் ஏறிய பாசி: மங்களூர் ஓட்டின் கதை

முன்னுரை

மழைக்காலம் முடிந்ததும் ஓட்டு வீட்டைப் பார்த்தால் சிவப்பு பாதி மறைந்து பச்சை படர்ந்திருக்கும். பார்க்க அழகுதான்! அடுத்த மழையில் வீட்டுக்குள் ஒழுகும்போதுதான் அந்த அழகின் விலை தெரியும். இந்தப் பாசிக்கும் மனிதனுக்கும் நடந்த போராட்டத்தில் மங்களூர் ஓட்டுக்கு ஒரு முக்கிய இடம் உண்டு.

நாட்டு ஓட்டுக் காலம்

அதற்கு முன் இருந்தது நாட்டு ஓடு. குயவர் சக்கரத்தில் குழாய் போல வனைந்து, இரண்டாகப் பிளந்து, சூளையில் சுட்டது. ஆணி கிடையாது. ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்குவதுதான். காற்றிலும், பூனை குரங்கு ஓடினாலும் நகர்ந்துவிடும். எனவே மழைக்கு முன் ஓட்டைப் பிரித்து, உடைந்ததை நீக்கி, மறுபடி அடுக்குவார்கள். அப்போது காய்ந்த பாசியும் சருகும் தானாகவே உதிர்ந்துவிடும். பாசி நீக்குவதைத் தனி வேலையாக யாரும் நினைக்கத் தேவையிருக்கவில்லை.

1865இல் வந்த மாற்றம்

பாசல் மிஷன் என்ற சுவிட்சர்லாந்து மதப் பரப்புச் சங்கம் 1834இல் மங்களூர் வந்தது. மதம் மாறியவர்களுக்கு வேலை தருவதற்காகத் தறி, அச்சகம் எனப் பல தொழில்களைத் தொடங்கியது. அதில் பணியாற்றிய கேயார்க் பிளெப்ஸ்ட் என்ற ஜெர்மானியர் ஆற்றங்கரைக் களிமண்ணைப் பரிசோதித்தார். 1865இல் ஜெப்புவில் ஓட்டுத் தொழிற்சாலை பிறந்தது. பின்னாளில் கோழிக்கோடு, பாலக்காடு, ஃபெரோக் ஆகிய இடங்களிலும் ஆலைகள் எழுந்தன.

இந்தத் தட்டை ஓட்டின் ஓரங்களில் பள்ளமும் வரம்பும் உண்டு. ஒன்று மற்றொன்றில் கவ்விக்கொள்ளும். ஒரு சதுர மீட்டருக்குச் சுமார் 15 ஓடுகள் போதும். ஆண்டுதோறும் பிரித்து அடுக்கும் வேலை மிச்சமாயிற்று. கூரையில் ஏறும் பழக்கமும் குறைந்தது. பாசிக்கு அது வசதியாகப் போயிற்று!

பாசி என்ன செய்கிறது?

கூரையில் மெத்தை போல வளர்வது குளத்துப் பாசி அல்ல. மாஸ் எனப்படும் வேரில்லாத சிறு தாவரம். அதன் வித்துகள் காற்றில் வரும். ஈரமும் நிழலும் இருந்தால் போதும். மங்களூரில் ஆண்டு மழை 3,500 மில்லிமீட்டருக்கும் மேல். சுட்ட மண் ஓடும் நீர் குடிக்கும்; நல்ல ஓடு தன் எடையில் 18 முதல் 20 சதவீதம் வரை நீர் உறிஞ்சலாம் என இந்தியத் தரவிதி ஐ.எஸ். 654 அனுமதிக்கிறது. சரியாக வேகாத ஓடு இன்னும் அதிகம் குடிக்கும்.

மாஸ் ஓட்டைத் தின்பதில்லை. ஆனால் பள்ளங்களை அடைத்துவிடும். வழி இல்லாத நீர் வரம்பைத் தாண்டி உள்ளே இறங்கும். கீழே உள்ள சட்டம் நனைந்து உளுத்துப் போகும். எந்தப் பள்ளம் இந்த ஓட்டின் பலமோ, அதிலேயே பாசி குடியேறியது.

நீக்குவதும் தடுப்பதும்

1880களில் பிரான்சின் போர்டோ பகுதியில் திராட்சை நோய்க்காக மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்த போர்டோக் கலவை உருவானது. தாமிரம் பூஞ்சைக்கு மட்டுமல்ல, மாஸுக்கும் நஞ்சு. கூரை முகட்டில் தாமிர அல்லது துத்தநாகப் பட்டை வைத்தால், மழைநீரில் சிறிது கரைந்து இறங்கி, கீழே உள்ள பகுதியில் பாசி வளர்வதைக் குறைக்கும். ஆனால் தாமிரம் மீன்களுக்கும் நஞ்சு. எனவே கூரை நீரைக் கிணற்றிலோ குளத்திலோ சேர்ப்பவர்களுக்கு இந்த வழி ஏற்றதல்ல.

அவர்களுக்குப் பழைய வழியே நல்லது. கோடையில் பாசி காய்ந்தபின், முகட்டிலிருந்து கீழ்நோக்கித் துடைப்பத்தால் தள்ள வேண்டும். வேகமாக நீர் பீய்ச்சும் இயந்திரம் ஓட்டின் மேல்தோலை அரித்துவிடும். அப்புறம் ஓடு இன்னும் அதிகமாக நீர் குடிக்கும். மேலே சாய்ந்த கிளைகளை வெட்டினால் வெயில் படும், சருகும் விழாது. ஈர ஓட்டின்மேல் ஒருபோதும் ஏறக் கூடாது. வழுக்கி விழுந்தால் உயிருக்கே ஆபத்து.

முடிவுரை

கான்கிரீட் பரவியதால் பல ஓட்டு ஆலைகள் மூடப்பட்டுவிட்டன. பழைய வீட்டில் ஒரு ஓடு உடைந்தால், அதே பள்ளத்தில் பொருந்தும் இன்னொன்று கிடைப்பது அரிது. எனவே இருக்கும் ஓட்டைக் காப்பாற்றுவதே வழி. நாட்டு ஓட்டுக் காலத்தவர் வேறு வழியின்றி ஆண்டுக்கொரு முறை கூரையில் ஏறினார்கள். மங்களூர் ஓட்டு வீட்டுக்காரர்கள் நினைவு வைத்துக்கொண்டு ஏற வேண்டும்.