வடிப்பாலைச் சுற்றுலா

மது வடிக்கும் ஆலையை வழிகாட்டியுடன் சுற்றிப் பார்த்து, அன்றே திரும்பும் பயணம். ஸ்காட்லாந்தில் விஸ்கி ஆலைகளைச் சுற்றி வளர்ந்த இவ்வழக்கம் இந்தியாவிலும் உண்டு. தெற்குக் கோவாவின் குங்கோலிமில் உள்ள பால் ஜான் ஆலை அதற்கு நல்ல எடுத்துக்காட்டு. அதன் சிங்கிள் மால்ட் விஸ்கி 2012இல் லண்டனில் அறிமுகமானது.

முளைகட்டி உலர்த்திய பார்லியை அரைத்து, வெந்நீரில் ஊறவைத்து, இனிப்புச் சாற்றை ஈஸ்ட்டால் நொதிக்க விடுகிறார்கள். பின்னர் செம்புக் கலன்களில் இருமுறை காய்ச்சி வடித்து, ஓக் பீப்பாய்களில் முதிரவைக்கிறார்கள். பயணத்தில் தவறவிடக் கூடாதது பீப்பாய்க் கிடங்கு. மரத்தின் வழியே ஆவியாகும் பங்கு ஸ்காட்லாந்தில் ஆண்டுக்குச் சுமார் 2 விழுக்காடு. இந்திய வெப்பத்தில் பல மடங்கு. முதிர்ச்சியும் அங்கே விரைவாக நிகழ்கிறது.

அரியலூர் மாவட்டத்தின் மீன்சுருட்டிப் பக்கத்தாருக்குக் கோவாவில் முந்திரிப் பழ மதுவான பெனியை வடிக்கும் சிற்றாலைகள் இன்னும் நெருக்கமாகத் தோன்றும். ஜெயங்கொண்டம், ஆண்டிமடம் வட்டாரம் முழுக்க முந்திரித் தோப்புதான். கொட்டையைத் திருகி எடுத்தபின் இங்கே பழம் பெரும்பாலும் மண்ணில் அழுகுகிறது. கோவாவிலோ கோடையில் அதே பழத்தைப் பிழிந்து, நொதிக்கவிட்டு வடிக்கிறார்கள். முதல் வடிப்பு உர்ராக், அடுத்தது பெனி. பெனிக்கு 2009இல் புவிசார் குறியீடு கிடைத்தது. தமிழ்நாட்டில் உரிமமின்றி மது வடிப்பது 1937ஆம் ஆண்டின் மதுவிலக்குச் சட்டப்படி குற்றம். ஆனாலும் பழச்சாறு, ஜாம் என்று பயன்படுத்த வழியுள்ள அந்தப் பழம் வீணாவது பெரும் இழப்பு.