யஹ்யா என்னும் பெயர்

அரபு மொழியில் ஆண்மக்களுக்கு இடப்பெறும் பெயர்களுள் யஹ்யா என்பது ஒன்று. குர்ஆனில் ஐந்து இடங்களில் வரும் இப்பெயர், ஸகரிய்யா நபியின் முதுமைக் காலத்தில் அவருக்குப் பிறந்த மகனைக் குறிப்பது. கிறித்தவ மறையில் அவரே திருமுழுக்கு யோவான். ஒருவரையே குறிக்கும் இவ்விரு பெயர்களும் தம்முள் எத்தகைய உறவுடையன? எபிரேய மொழியில் யோஹனான் என வழங்கிய பெயர் அரபியில் யூஹன்னா என்று ஆவதே ஒலிமரபுக்கு ஒத்தது. அரபு கிறித்தவர் அவ்வாறே வழங்குகின்றனர். குர்ஆனோ யஹ்யா என்கின்றது. இவ்வேறுபாடு எவ்வாறு தோன்றிற்று என்பது ஆயிரம் ஆண்டுகட்கு மேலாக இலக்கண ஆசிரியரும் உரையாசிரியரும், அண்மைக் காலத்தில் மேனாட்டு அறிஞரும் ஆராய்ந்து வந்ததொரு வினா. அதனை ஈண்டு ஒருவாறு நோக்குவோம்.

முதற்கண் சொல்லின் அமைப்பு. அரபியில் ஹ-ய்-ய் என்னும் மூன்று மெய்களாலாகிய வேர் உயிர்வாழ்தலைக் குறிப்பது. 'ஹய்' என்றால் உயிருள்ளது. 'ஹயாத்' என்றால் வாழ்வு. இவ்வேரினின்று படர்க்கை ஆண்பால் ஒருமையில் வரும் வினைமுற்று 'யஹ்யா'. 'வாழ்கின்றான்' அல்லது 'வாழ்வான்' என்பது பொருள். ஆகவே இப்பெயர் வடிவால் ஒரு முற்றுவினையே. வினைமுற்று மக்கட்பெயராதல் அரபியருக்குப் புதிதன்று. யஸீத் என்பது 'மிகுவான்' என்றும், யஷ்குர் என்பது 'நன்றி பாராட்டுவான்' என்றும் பொருள்படும். இரண்டும் இசுலாத்திற்கு முன்னரே வழங்கிய பெயர்கள். எபிரேயத்தில் ஈசாக்கின் பெயரும் 'நகைப்பான்' என்னும் வினைவடிவினதே. செமித்திய மொழிகளுக்கெல்லாம் பொதுவானதொரு பழைய பெயரிடு முறை இது என்று கொள்ளலாம். தமிழிலும் ஆண்டாள், ஆளவந்தார், உய்யவந்தார் என வினையடியாகப் பிறந்த பெயர்கள் உள. நம் இலக்கணத்தார் இவற்றை வினையாலணையும் பெயர் என்று வகுத்து அமைதி காண்பர். அரபு இலக்கணத்தாருக்கு அத்தகைய வசதி இல்லை. வினையின் உருவம் மாறாமலே பெயராய் நிற்பதை அவர்கள் ஒரு தனிக் காரணமாக எண்ணிச் சிறப்பு விதி கூற வேண்டியதாயிற்று.

'வாழ்வான்' என்று மகனுக்குப் பெயரிடுதல் வாழ்த்தும் வேண்டுதலும் ஆகும். முன்பிறந்த குழந்தைகள் இறந்துபட்ட வீட்டில் அடுத்த குழந்தைக்குக் குப்பன் என்றும் பிச்சை என்றும் பெயரிடும் நம் நாட்டு வழக்கத்தின் உட்கருத்தும் அக்குழந்தை நிலைக்க வேண்டும் என்பதே. துருக்கியர் 'நிற்கட்டும்' என்னும் பொருளில் துர்சுன் என்றும், 'வாழ்வான்' என்னும் பொருளில் யாஷார் என்றும் இடுவர். தமிழர் தாழ்வான பெயரால் இடரை விலக்க முயல்கின்றனர். அரபியரும் துருக்கியரும் விரும்பியதையே வெளிப்படக் கூறிவிடுகின்றனர்.

இனி, யஹ்யா என்பது அரபுச்சொல்தானா? இவ்வினாவில் முசுலிம் அறிஞரிடையே ஒருமைப்பாடு இல்லை என்பது பலரும் அறியாத செய்தி. பன்னிரண்டாம் நூற்றாண்டில் அரபியில் புகுந்த பிறமொழிச் சொற்களைத் தொகுத்த ஜவாலீக்கி, நபிமார் பெயர்களுள் ஆதம், ஸாலிஹ், ஷுஐப், முஹம்மத் என்னும் நான்கு நீங்கலாக ஏனையவெல்லாம் பிறமொழிப் பெயர்களே என்று கூறினார். அவ்விதியின்படி யஹ்யாவும் அரபுப்பெயர் ஆகாது. அவர் காலத்தவரும் பேருரையாசிரியருமாகிய ஸமஹ்ஷரி (இறப்பு 1144) இரு வகையாலும் அமைதி கூறினார். பிறமொழிப் பெயராயின் மூஸா, ஈஸா போல அயன்மை கருதி முழு வேற்றுமைத் திரிபு பெறாது. அரபுப் பெயராயின் வினைவடிவு கருதி அவ்வாறு பெறாது. இரண்டனுள் பிறமொழிப் பெயர் என்பதே வெளிப்படை என்பது அவர் முடிபு. எழுத்து முறையிலும் ஒரு நுட்பம் உண்டு. 'வாழ்கின்றான்' என்னும் வினையை எழுதும்போது ஈற்றில் அலிஃப் இடுவர். பெயராக எழுதும்போது யா வடிவில் முடிப்பர். பெயரும் வினையும் தம்முள் மயங்காமைப்பொருட்டு இவ்வழக்கு ஏற்பட்டது.

உரையாசிரியர் சிலர் பெயருக்குக் காரணமும் கூறினர். மலடியாயிருந்த தாயின் கருப்பை இவரால் உயிர் பெற்றது என்பர் ஒரு சாரார். இறைவன் இவர் உள்ளத்தை நம்பிக்கையால் உயிர்ப்பித்தான் என்பர் மற்றொரு சாரார். இவை பெயர் தோன்றிய பின் கண்ட விளக்கங்கள். ஆயினும் அப்பெயரைக் கேட்ட அரபியர் செவியில் 'வாழ்வு' என்னும் பொருளே ஒலித்தது என்பதற்கு இவை சான்றாகும்.

குர்ஆனின் பத்தொன்பதாம் அத்தியாயத்தைச் சொல்லாராய்ச்சி நோக்கில் படிப்பார்க்கு ஓர் அரிய செய்தி புலப்படும். எபிரேய யோஹனான் என்னும் பெயர் 'இறைவன் அருள்செய்தான்' என்னும் பொருளது. அதன் வேர் ஹ-ன்-ன். அரபியிலும் அவ்வேர் உண்டு. 'ஹனான்' என்றால் கனிந்த அருள். யஹ்யாவுக்கு இறைவன் அளித்த பேறுகளைக் கூறுமிடத்து இவ்வத்தியாயம் 'ஹனான்' என்னும் சொல்லை ஆள்கின்றது. குர்ஆன் முழுவதிலும் அச்சொல் வருமிடம் அஃதொன்றே. வேறெங்கும் வாராத சொல், யோஹனானைப் பற்றிய பகுதியில் மட்டும் வருதல் தற்செயல் என்று தள்ளத்தக்கதன்று. அடுத்து வரும் வாழ்த்துரை, அவர் பிறந்த நாளையும் இறக்கும் நாளையும் உயிருடன் எழுப்பப்பெறும் நாளையும் குறித்து 'ஹய்' என்னும் சொல்லடியில் முடிகின்றது. ஆக, பழம்பெயரின் வேரும் புதுப்பெயரின் வேரும் ஒரே பகுதியில் அருகருகே நிற்கின்றன. இரண்டாவது சான்றை மிகையாக வலியுறுத்துதல் கூடாது; அதே வாழ்த்துரை அவ்வத்தியாயத்திலேயே ஈஸா நபிக்கும் வருகின்றது. முதற் சான்றோ வலியுடையது.

அவ்வத்தியாயத்தில், இவருக்கு முன் எவரையும் இவருக்கு 'ஸமிய்யு' ஆக்கவில்லை என்னும் கருத்தமைந்த தொடர் ஒன்று உண்டு. இதனை 'இப்பெயருடையார் முன்பு எவரும் இலர்' என்று கொண்டு, பழைய ஏற்பாட்டிலேயே யோஹனான் என்பார் பலர் உளரே என்று மறுத்தோர் உண்டு. 'ஸமிய்யு' என்பதற்குப் பெயரொத்தவன் என்றும் நிகரானவன் என்றும் இரு பொருள் உள. தபரி (இறப்பு 923) தம் உரையில் இரண்டையும் எடுத்துக்காட்டுகின்றார். அதே அத்தியாயத்தில் இறைவனைக் குறித்தும் இச்சொல் வருகின்றது. அங்கு நிகர் என்னும் பொருளே பெரிதும் பொருந்தும். லூக்கா எழுதிய நற்செய்தியிலும், அப்பெயருடையார் உம் உறவினருள் எவரும் இல்லையே என்று சுற்றத்தார் வினவும் செய்தி வருதலை ஒப்புநோக்குக.

மேனாட்டு அறிஞருள் சிலர் வேறொரு வழியால் இச்சிக்கலை அவிழ்க்க முற்பட்டனர். தொடக்ககால அரபு எழுத்தில் புள்ளிகள் பெரும்பாலும் இடப்பெறவில்லை. இடையில் வரும் ஒரு சிறு பல் வடிவு பகரமோ தகரமோ நகரமோ யகரமோ ஆகலாம். எனவே 'யுஹன்னா' என்று எழுதப்பட்டதைப் பின்னோர் நகரத்தை யகரமாக மயங்கி 'யஹ்யா' என்று படித்தனர் என்பது அவர்கள் கொள்கை. நம் ஓலைச்சுவடிகளில் புள்ளியின்மையால் மெய்யும் உயிர்மெய்யும் மயங்கியும், ஏகார ஓகாரங்கள் குறிலோடு மயங்கியும் பாடவேறுபாடுகள் பல்கியதை அறிந்த பதிப்பாசிரியர்க்கு இக்கொள்கை உடனே இனிக்கும். யானும் ஒருகாலத்தில் இதனையே தக்க முடிபு என்று எண்ணியிருந்தேன். ஆனால் இஃது ஏட்டை மட்டும் கண்டு ஓதுவாரை மறந்த கொள்கை. குர்ஆன் வாய்மொழியாக ஓதப்பட்டு மனப்பாடத்தால் காக்கப்பட்ட நூல். ஓதுவோர் பலரும் ஒரு பெயரை ஒருங்கே தவறாக ஓதினர் எனல் எளிதில் நம்பத்தக்கதன்று.

இதற்கு நேரான சான்று கல்லில் கிடைத்துள்ளது. ஜோசான், சாவிஞாக் என்னும் பிரெஞ்சு நாட்டுத் துறவியர் இருவர் 1907 முதல் 1910 வரை வடமேற்கு அரேபியாவில் பயணம் செய்து கல்வெட்டுகளைப் படியெடுத்தனர். அல்-உலாவில் அவர்கள் கண்ட நபத்தேயக் கல்வெட்டு ஒன்று, ஷிம்ஓன் என்பானின் மகன் யஹ்யா தன் இறந்த தந்தைக்கு எழுப்பிய நினைவுச் சின்னத்தைக் குறிக்கின்றது. அதில் கண்ட ஆண்டு 201. உரோமர் அரேபிய மாகாணத்தை நிறுவிய 106 ஆம் ஆண்டு முதலாக எண்ணும் வழக்கின்படி அது கி.பி. 307 ஆகும். குர்ஆன் அருளப்பட்டதற்கு ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகள் முன்னரே ஹிஜாஸ் பகுதியில் இப்பெயர் வழங்கிற்று என்பது இதனாற் பெறப்படும். ஏழாம் நூற்றாண்டு ஏட்டுப்பிழை நான்காம் நூற்றாண்டுக் கல்லில் தோன்றுதல் இயலாது.

இக்கல்வெட்டில் யான் பெரிதும் கருதுவது தந்தையின் பெயரை. ஷிம்ஓன் என்பது யூதருக்குரிய பெயர். அப்பெயருடையான் தன் மகனுக்கு யஹ்யா என்று பெயரிட்டமை, அரபு மண்ணில் வாழ்ந்த விவிலிய மரபினர் அப்பெயரை ஏற்றிருந்தனர் என்பதைக் காட்டும். யூதர் தாம் வாழும் நாட்டு மொழியில் தம் பெயருக்கு ஒலியால் நெருங்கியதொரு பெயரைத் தேடிக்கொள்ளுதல் பழைய வழக்கம். கிரேக்கர் ஆட்சிக்காலத்தில் ஏசு என்னும் பெயருடைய தலைமைக் குரு ஒருவர் தம்மை யாசோன் என்று அழைத்துக்கொண்டதை வரலாற்றாசிரியர் யோசேப்பசு குறிக்கின்றார். யாசோன் தூய கிரேக்கப் பெயர். ஏசுவின் மொழிபெயர்ப்பு அன்று. ஒலி ஒப்புமை ஒன்றே காரணம். அவ்வாறே யோஹனானுக்கு நிகராக யஹ்யா அரபு யூதரிடையிலோ கிறித்தவரிடையிலோ வழங்கியிருத்தல் வேண்டும் என்பதே எமக்குப் பொருத்தமாகத் தோன்றுகின்றது. இங்ஙனம் கொள்ளின், ஜவாலீக்கி கூறும் அயன்மையும், செவிப்புலனாகும் அரபுப் பொருளும் ஒருங்கே அமைதி பெறும்.

பிற்கால வழக்கும் இக்கருத்திற்கு அரண் செய்யும். ஏமன் நாட்டு யூதர் அண்மைக்காலம் வரை இப்பெயரைப் பெருவழக்காகக் கொண்டிருந்தனர். எபிரேய எழுத்தில் அதனை யிஹ்யே என்பர். சன்ஆ நகரத்துச் சமய அறிஞர் யிஹ்யே காஃபிஹ் (1850-1931) அப்பெயரினர். அதே நாட்டில் 897 இல் ஸைதி இமாமியத்தை நிறுவியவர் யஹ்யா இப்னு அல்-ஹுசைன். 1904 முதல் ஆண்டு 1948 இல் கொலையுண்ட இமாமும் யஹ்யாவே. ஆள்வோரும் அவர்கீழ் வாழ்ந்த யூதரும் ஒரே பெயர் தாங்கினர். பக்தாதில் ஃபாராபியிடம் பாடங்கேட்ட தத்துவ அறிஞர் யஹ்யா இப்னு அதீ (இறப்பு 974) கிறித்தவர். ஒன்பதாம் நூற்றாண்டு மொழிபெயர்ப்பாளர் இப்னு அல்-பித்ரீக்கை ஒரு நூல் யஹ்யா என்றும் மற்றொரு நூல் யூஹன்னா என்றும் கூறும். தென் ஈராக்கின் ஆற்றங்கரைகளில் வாழ்ந்துவந்த மந்தேயரின் மறைநூல்களில் இவ்விரு வடிவங்களும் இணைந்தே வருகின்றன. இருவேறு பெயர்கள் என்று அரபு நாட்டார் இவற்றைப் பிரித்துணரவில்லை.

முசுலிம்களிடையே இப்பெயர் பெற்ற பெருமைக்கு இருவரைச் சுட்டுதல் போதும். ஹாரூன் அல்-ரஷீதின் அமைச்சர் யஹ்யா இப்னு காலித் பர்மக்கி குடியினர். பல்க் நகரத்து நவ விகாரத்தின் தலைமை பூண்ட பௌத்தக் குடி அது. பர்மக் என்னும் பட்டம் வடமொழிப் 'பிரமுக' என்பதன் திரிபு என்பர். இவ்வமைச்சர், மருந்துப் பூண்டுகளைக் கொணரவும் சமயங்களைப் பற்றி எழுதிவரவும் ஒருவரை இந்தியாவுக்கு அனுப்பிய செய்தியை இப்னு அல்-நதீம் பதிவு செய்துள்ளார். 803 இல் குடி வீழ்ந்தது. 805 இல் யஹ்யா சிறையில் இறந்தார். மற்றவர் நவவி எனப் புகழ்பெற்ற யஹ்யா இப்னு ஷரஃப் (1233-1277). ஷாஃபிஈ நெறியினராகிய நம் கடற்கரை முசுலிம்கள் போற்றும் மின்ஹாஜ் என்னும் சட்டநூல் இவரது. இவரை அபூ ஸகரிய்யா, அஃதாவது 'ஸகரிய்யாவின் தந்தை' என்று அழைப்பர். ஆனால் நவவி மணம் புரியாதவர். அவருக்கு மகன் ஏது? யஹ்யா என்னும் பெயருடையார்க்கெல்லாம் நபியின் தந்தை பெயரைக் கொண்டு இவ்வடைபெயர் சூட்டுதல் மரபு. இலக்கண ஆசிரியர் ஃபர்ராவும் அபூ ஸகரிய்யா. மேற்கூறிய கிறித்தவ அறிஞர் இப்னு அதீயும் அபூ ஸகரிய்யா. புலனடக்கத்தால் குர்ஆனில் சிறப்பிக்கப்பெற்றவர் யஹ்யா நபி. அவர் பெயர் பூண்ட துறவுள்ளத்தாரொருவர் தந்தைப்பெயர் பெற்றமை சுவையுடையது.

தமிழகத்திற்கு இம்மூவர் வழக்கும் வந்துசேர்ந்தன. சீர்திருத்தக் கிறித்தவர் யோவான் என ஒலியை ஏற்றனர். கத்தோலிக்கர் அருளப்பர் எனப் பொருளை ஏற்றனர். வீரமாமுனிவர் தேம்பாவணியில் திருமுழுக்கு யோவானுக்குக் கருணையன் என்று பெயரிட்டார். எபிரேய வேரின் பொருளை இதனினும் செவ்விதாகத் தமிழில் தருதல் அரிது. முசுலிம்களோ அரபு ஒலியையே கொண்டு யஹ்யா, யஹியா, எஹ்யா எனப் பலவாறு எழுதுகின்றனர். இவற்றுள் எகரத்தில் தொடங்கும் வடிவைப் பிழை என்று திருத்துவாரைக் கண்டுள்ளேன். தொல்காப்பியர் யகரம் ஆகாரத்தோடு மட்டுமே மொழிக்கு முதலாம் என்றார். நன்னூலார் அகரம் முதலிய பிற உயிர்களோடும் முதலாக இசைந்தார். ஆயினும் மக்கள் நா யமனை எமன் என்றும், யந்திரத்தை எந்திரம் என்றும் ஆக்கியது. எஹ்யா என்பதும் அவ்வழி வந்த தமிழ் வடிவே.