வட்டி குறையாது, டேமேஜஸ் குறையும்

ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டை பக்கம் டேனரியோ ஷூ கம்பெனியோ நடத்தியவர்களுக்கு ஈ.எஸ்.ஐ. நோட்டீஸ் என்றால் என்னவென்று நன்றாகத் தெரியும். சந்தா பாக்கி, அதற்கு வட்டி, அதற்கும் மேலே ‘டேமேஜஸ்’ என்று மூன்று தொகை அதில் இருக்கும். பலர் மூன்றையும் ஒரே கடனாகக் கூட்டிப் பார்த்து, மலைத்துப்போய் கடிதத்தை மேசை டிராயரில் போட்டுவிடுவார்கள். ஆனால் சட்டம் அவற்றை மூன்று தனிக் கணக்குகளாகத்தான் பார்த்தது.

ஈ.எஸ்.ஐ. சட்டம் வந்தது 1948-ல். திட்டம் நடைமுறைக்கு வந்தது 24 பிப்ரவரி 1952 அன்று, டெல்லியிலும் கான்பூரிலும். கான்பூரும் நம் ஊர்களைப் போலத் தோல் ஊர்தான். தொழிலாளி கொஞ்சம், முதலாளி கொஞ்சம் கட்ட வேண்டும். 2019 ஜூலையிலிருந்து சம்பளத்தில் முதலாளியின் பங்கு 3.25 சதவீதம், தொழிலாளியின் பங்கு 0.75 சதவீதம்.

1975-ல் 85-பி என்ற பிரிவு சேர்ந்தது. தாமதமாகக் கட்டுகிறவருக்கு, பாக்கித் தொகைக்கு மிகாமல் டேமேஜஸ் விதிக்கலாம் என்றது அது. ஆனால் அவர் தரப்பைச் சொல்ல முதலில் வாய்ப்புத் தர வேண்டியிருந்தது.

புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்துவிட்டு வேலூரில் அரசு எழுத்தராக இருந்த எனக்கு இந்தச் சொல் வெகுநாள் உறுத்தியது. பிரெஞ்சில் அரசு போடும் அபராதம் ‘அமாந்த்’. நஷ்டஈடு ‘தொமாஜ் அந்தெரே’. ஒன்றை மற்றொன்றாகச் சொன்னால் வாத்தியார் விடமாட்டார். இங்கேயோ பெயர் நஷ்டஈடு, செய்கை அபராதம். பி.எஃப். சட்டத்திலும் இதே சொல் இருந்தது. 1979-ல் ஆர்கனோ கெமிக்கல் வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்தச் சொல்லுக்குள் இரண்டு குணமும் இருக்கிறது என்றது.

முதலாளிகளுக்கு உதவிய தீர்ப்பு 2008-ல் வந்தது. எச்.எம்.டி. வழக்கில், 85-பி பிரிவு ‘விதிக்கலாம்’ என்றுதான் சொல்கிறது, ‘விதித்தே தீர வேண்டும்’ என்று சொல்லவில்லை என்றது உச்ச நீதிமன்றம். தாமதத்தின் காரணத்தைப் பார்க்காமல் அட்டவணைப்படி முழுத் தொகையும் போட வேண்டிய கட்டாயம் இல்லை. அதே ஆண்டில் கோட்ஸே (இந்தியா) கம்பெனி வழக்கில், வட்டியைத் தள்ளுபடி செய்ய யாருக்கும் அதிகாரம் இல்லை என்றும் சொல்லிவிட்டது. ஆக, சந்தாவும் வட்டியும் கட்டியே ஆக வேண்டும். பேசிக் குறைக்க இடமிருப்பது டேமேஜஸில் மட்டும்.

நம் பக்கத்தில் பேசக் காரணம் இல்லாமல் போகவில்லை. 28 ஆகஸ்ட் 1996 அன்று, வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் டேனரி ஒவ்வொன்றுக்கும் 10,000 ரூபாய் மாசு அபராதம் விதித்தது. கழிவுநீரைச் சுத்திகரிக்காதவை மூட வேண்டும் என்றது. அப்படி மூடிக் கிடந்த மாதங்களின் உத்தரவும் வங்கிக் கணக்கும் கையில் இருந்தால், அதுவே விசாரணையில் நல்ல பதில். நலிந்த தொழிற்சாலைகளுக்கு பி.ஐ.எஃப்.ஆர். மறுசீரமைப்புத் திட்டம் இருந்தால் டேமேஜஸைத் தள்ளுபடி செய்யும் வழியும் சட்டத்தில் இருந்தது. ஆனால் சிறுதொழில்கள் பி.ஐ.எஃப்.ஆர். வாசலையே மிதிக்க முடியாமல் இருந்தது. சின்ன டேனரிக்காரருக்கு விசாரணை நாள்தான் கதி.

அதைத் தவறவிட்டால் ஏறும் படி ஒவ்வொன்றிலும் செலவு. சந்தாவை அதிகாரியே 45-ஏ பிரிவில் நிர்ணயித்துவிட்டால், 2010 திருத்தத்துக்குப் பின் 60 நாளுக்குள் மேல்முறையீடு செய்ய முடிந்தது. குறைந்தது 25 சதவீதம் கட்ட வேண்டியிருந்தது. சந்தா பாக்கிக்காக ஈ.எஸ்.ஐ. நீதிமன்றம் போனால் 50 சதவீதம். காரணம் காட்டினால் நீதிமன்றம் அதைக் குறைக்க முடிந்தது. அதற்கு மேல் உயர் நீதிமன்றம், அதுவும் முக்கியமான சட்டக் கேள்வி இருந்தால் மட்டும்.

இதில் ஒரு தொகைக்கு மட்டும் எந்த நியாயமும் எடுபடாது. கூலியிலிருந்து பிடித்த தொழிலாளியின் பங்கு, முதலாளியிடம் நம்பி ஒப்படைத்த பணம் என்றது சட்டம். மேல்தோல் தைக்கும் பெண் பிரசவத்துக்குப் போகும்போது சந்தா ஏறவில்லை என்பதால் அவளுக்குச் சலுகை கிடைக்காமல் போகக் கூடாது. கார்ப்பரேஷன் அதைக் கொடுத்துவிட்டு முதலாளியிடம் வசூலிக்க 68-ஆம் பிரிவு இருந்தது. கையில் பணம் குறைவான மாதத்தில் முதலில் கட்ட வேண்டியது அவள் பங்கைத்தான். மற்றதை விசாரணையில் பேசிக்கொள்ளலாம்.